கட்டை எண் 4117

மூடிப்போன இங்கிலாந்துத் தொழிற்சாலையின் மிஷின்கள்
நாற்பது பெட்டியாய் ஆம்பூருக்கு வந்திறங்கிய அன்று
எண்ணெய்த் துணிக்குள் கிடந்தது
ஒரு ஜோடி மரக்கால்.

லாஸ்ட் என்பார்கள். எங்களுக்குக் கட்டை.
ஆள் இல்லாத இடத்தில் ஆளாய் நின்று
ஷூவை வாங்கிக்கொள்வது.
கணுக்கால் பக்கம் பென்சில் எழுத்து:
ஹார்க்ரோவ், தார்ன்பி, 4117.

அடுப்புக்கு ஆகும் என்றார் ஸ்டோர் கோதண்டபாணி.
ஃபயாஸ் சாகிப் வாங்கித் திருப்பிப் பார்த்தார்.
"இவங்கப்பா அந்தத் தொழிற்சாலையில கட்டர்.
இவர் இப்ப அங்க எம்.பி.க்கு நிக்கிறார்.
ஒரு ஜோடி போட்டு அனுப்பு, சுகிர்தா."

பழுப்புத் தோல், தடித்த அடி,
வீடு வீடாய் ஏறி இறங்க.
இருநூற்றுப் பன்னிரண்டு ஓட்டில் ஜெயித்தார்.
நன்றி இரண்டு வரி வந்தது, மூன்றாவது வரி:
இடது சுண்டுவிரல் இடிக்கிறது.
கட்டையில் அந்த இடத்தில்
ஒரு தோல் துண்டு ஒட்டி ஆணி அடித்தேன்.

அடுத்த தேர்தலுக்கு இன்னொரு துண்டு.
துணை அமைச்சர் ஆன வருடம்
கறுப்பு, மெல்லிய அடி,
காருக்குள் நடக்கிற ஷூ.
புறங்கால் உயர்ந்துவிட்டதாம், அங்கே இரண்டு துண்டு.
"பதவி ஏறினா பாதமும் ஏறுமாடி?"
நூருன்னிசா ஊசியை நிறுத்திக் கேட்டாள்.
முகம் எனக்குத் தெரியாது.
வளர்ந்தது மட்டும் தெரியும், மில்லிமீட்டரில்.

ஒருநாள் சாப்பாட்டு நேரம்
அவள் மகள் அனுப்பிய வீடியோ.
மேடையில் அவர். கீழே மகளின் தமிழ்:
"நம் ஊர்க் கால்களுக்கு நம் ஊர்க் கைகளே தைக்கட்டும்."
கைதட்டல் அடங்கவில்லை.
கேமரா கீழே இறங்கியபோது பார்த்தேன்,
அங்குலத்துக்குப் பன்னிரண்டு, என் தையல்.
டிபன் பாக்ஸ் கவிழச் சிரித்தோம்.

ஆடியில் ஆர்டர் பாதியானது.
இரண்டாம் ஷிப்டில் நாற்பது பேர் வீட்டில்.
அந்தப் பேச்சா, டாலரா,
யாரைக் கேட்பது.
சிரித்தவர்களில் நூருன்னிசாவும் போனாள்.

இதையும் சொல்லிவிட வேண்டும்:
பாலாற்றில் எங்கள் தோல் சாயம் கலப்பது பற்றி
அவர் அங்கே எழுந்து ஒரு கேள்வி கேட்டாராம்.
நாங்கள் வரிசையில் நின்று ஓட்டுப் போட்டவர்
இங்கே கேட்டதில்லை.
பதில் வந்ததா தெரியாது.
என் வீட்டு போர்வெல் இன்னும் மஞ்சள்தான்.

தோற்ற அன்று
அங்கே விடியவில்லை, இங்கே முதல் ஷிப்ட் சங்கு.
ஃபயாஸ் சாகிப் போனைப் பார்த்தபடி நடந்துபோனார்.
பெட்டியில் தயாராய் இருந்த ஜோடியை
சாம்பிள் அலமாரியில் வைக்கச் சொன்னார்.
அடுத்த வாரம் அதே தார்ன்பிக்கு
புதியவரின் அளவு கேட்டு ஒரு கடிதம் போனது.

இரண்டு வருடம் கழித்து,
கம்பெனி முகவரிக்கு ஒரு கவர்.
பணம் முன்கூட்டியே. முத்திரை இல்லாத தாள்.
சர்க்கரை நோயாம், உள்ளே மெத்தென்று வேண்டுமாம்,
கயிறு வேண்டாம், குனிய முடியவில்லையாம்.
கூடவே பாதங்களின் பென்சில் கோடு.

அளந்தேன். சுருங்கியிருந்தது.
குறடு எடுத்து ஆணிகளைப் பிடுங்கினேன்,
புறங்கால் இரண்டு, பக்கவாட்டில் ஒன்று,
முதல் முதலாய் ஒட்டிய சுண்டுவிரல் துண்டை மட்டும்
விட்டுவைத்தேன். அது இன்னும் இடிக்கலாம்.

பிறகு அந்தத் தாளைத் திரும்பப் பார்த்தேன்.
விரல்களைச் சுற்றி நடுங்கி வந்த கோடு
இரண்டு பாதத்திலும்
குதிகாலில் விட்டுப்போயிருந்தது.
பக்கத்தில் ஒரு ஆள் இல்லாமல்
அந்த இடத்தை வரைய முடியாது.

மரக்கட்டையைத் தாளின் மேல் நிறுத்தி
மீதிக் கோட்டை நான் போட்டேன்.